டோக்கன் முப்பது

எம். புதுப்பட்டி விலக்கில் நவ்ஷாத் பஸ்ஸைவிட்டு இறங்கியபோது காலை மணி ஒன்பது. ராம்குமார் பைக்கில் காத்திருந்தான். இருவரும் ஒரே கல்லூரியில் படித்தவர்கள். நவ்ஷாத் லேப்டாப் பையை மடியில் வைத்துக்கொண்டு பின்னால் ஏறினான்.

மண்சாலை. இருபுறமும் சீமைக்கருவேலம். வெயில் அதற்குள் வெளுத்திருந்தது.

"உன் வீட்டுல ஒத்த ரூமு. இங்கன எம்புட்டு எடம் வேணும் சொல்லு," என்றான் ராம்குமார். "கரண்டு இருக்கு. நெட்டு இருக்கு. தொந்தரவுக்கு ஒரு காக்கா கிடையாது."

"காக்கா எங்க போச்சு?"

"வெடிமருந்து வாடைக்கு வராது மாப்ள. கம்பெனிய மூடி மூணு வருசமாச்சு. இன்னும் வரல."

பட்டாசுக் கம்பெனி ராம்குமாரின் அப்பா நடத்தியது. ஒரு விபத்துக்குப் பிறகு லைசென்ஸ் போனது. அப்பா படுத்துவிட்டார். ராம்குமார் சிவகாசியில் அச்சகத்தையும் போன் மொத்த வியாபாரத்தையும் பார்த்துக்கொண்டான்.

கேட்டை ஒட்டி ஒரு சிறிய கட்டடம். முன்னறை, பின்னறை. முன்னறையில் ஒரு பெண் நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். நாற்பத்தைந்து வயது இருக்கும். சேலைக்கு மேல் காக்கிச் சட்டை.

"பேச்சியம்மாக்கா. பதினெட்டு வருசமா கேட்டுக்கு இவுகதான்," என்றான் ராம்குமார்.

அவள் எழுந்து கையை நீட்டினாள்.

"போனைக் குடுங்க."

"உள்ள ஒரு சிட்டிகை மருந்துகூட இல்லக்கா. இன்னுமா?"

"இருக்கோ இல்லையோ. கேட்டுக்குள்ள போன் போகாது."

பட்டாசு வேலை நடக்கும் எல்லா இடத்திலும் அதுதான் வழக்கம். தீப்பெட்டி, பீடி, போன் எல்லாம் கேட்டில் தங்கிவிடும். போனை வைப்பதற்கென்று சுவரில் ஒரு மர அலமாரி இருந்தது. நாற்பது கட்டங்கள். ஒவ்வொன்றின் மேலும் நம்பர். போனைக் கொடுத்தால் அந்த நம்பர் அடித்த தகர டோக்கன் கிடைக்கும். போகும்போது டோக்கனைக் கொடுத்து போனை வாங்கிக்கொள்ள வேண்டும்.

இருபது வரை கட்டங்கள் காலி. இருபத்தொன்றிலிருந்து இருபத்தொன்பது வரை ஒவ்வொன்றிலும் ஒரு போன் இருந்தது. மேலே தூசி.

ராம்குமாரின் போன் ஒன்றாம் கட்டத்துக்குப் போனது. நவ்ஷாதின் போனை வாங்கி முப்பதில் வைத்தாள். டோக்கனை அவன் உள்ளங்கையில் வைத்து அழுத்தினாள்.

"தொலச்சுராதீக."

பிறகு லேப்டாப் பையைப் பார்த்தாள். "இது போனா?"

"இல்லக்கா."

"அப்ப கொண்டு போங்க."

ராம்குமார் அலமாரியைக் காட்டினான். "டெஸ்ட்டுக்குப் பழைய டச் போன் வேணும்னியே. இந்தா கெடக்கு ஒன்பது. மட்ட ரகம். நம்ம கேம் ஓட வேண்டியதும் இதே மாதிரி போன்லதான்."

"யாரோடது?"

"வேலைக்கு இருந்த ஆளுகளோடது. வாங்கிட்டுப் போகல."

பேச்சியம்மாள் வெளியே பார்த்தாள். "சோதிக்கணும்னா சோதிங்க தம்பி," என்றாள். "எடத்தை விட்டு எடுக்காதீக. அதது அந்தந்த நம்பர்ல இருக்கட்டும்."

---

பெங்களூரில் ஒரு வியாபாரி விலை குறைந்த டச் போன்களை வாங்கி விற்கிறார். போனோடு சேர்ந்து வர ஒரு விளையாட்டு வேண்டும் என்றார். ஒரு பிராணியை வளர்க்கும் விளையாட்டு. இடம் அடைக்கக் கூடாது. நெட் இல்லாமலும் ஓட வேண்டும். தீபாவளி சீசனுக்கு முன் முடிய வேண்டும்.

நவ்ஷாத் ஆறு வருடம் சென்னையில் வேலை பார்த்தவன். மகள் நசிமாவை மாதம் ஒரு முறை பார்ப்பான். அவளுக்கு இப்போது ஆறு வயது. ஒரு முறை ஊருக்கு வந்தபோது அவள் கதவைத் திறந்து, உள்ளே திரும்பி, "அம்மா, யாரோ வந்திருக்காக," என்றாள். அந்த வருடமே வேலை போனது. அவன் வருத்தப்படவில்லை. இந்த ஆர்டர் நன்றாக முடிந்தால் விருதுநகரிலேயே இருந்துவிடலாம். இல்லாவிட்டால் மறுபடியும் சென்னை.

பிராணி எது என்று யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. பங்குனிப் பொங்கல் திருவிழாக் கடைகளில் சாயம் ஏற்றிய கோழிக்குஞ்சு விற்பார்கள். ரோஸ், பச்சை, ஊதா. நசிமா ஒரு ரோஸ் குஞ்சு வாங்கினாள். மூன்றாம் நாள் அட்டைப்பெட்டியில் ஒரு பக்கமாகச் சாய்ந்து கிடந்தது.

அவன் வரைந்த குஞ்சு கட்டைவிரல் அளவு. ரோஸ் நிறம். கீழே மூன்று பொத்தான்கள். தீனி, தண்ணீர், தூக்கம். திரையை எங்கே தொட்டாலும் குஞ்சு அங்கே தலையைத் திருப்பும்.

"இது சாவுமா அத்தா?" என்று கேட்டாள் நசிமா.

"சாவாது."

"சாவணும்," என்றான் ராம்குமார் மறுநாள். "செத்தாத்தான் விளம்பரம் பாப்பான். விளம்பரம் பாத்தா உசுரு வரும். அதுலதான்ல சோறு."

"சாவாதுன்னு பிள்ளகிட்ட சொல்லிட்டேன்."

"அப்ப மயக்கம் போட வை. பேரு என்னவோ வச்சுக்கோ."

நவ்ஷாத் முன்னறையில் நின்றுகொண்டே ஒன்பது போன்களையும் சுத்தமாக அழித்து, புதிதாக்கி, விளையாட்டை ஏற்றினான். ஒவ்வொன்றும் அதனதன் கட்டத்திலேயே இருந்தது. சார்ஜர் ஒயர்களைப் பின்பக்கமாக இழுத்துவிட்டான். தன் போனிலும் ஏற்றினான். அதை மாலையில் நசிமா எடுத்து விளையாடுவாள். குஞ்சுக்குத் தன் பெயரையே வைத்திருந்தாள்.

பத்து போன்கள். யார், எப்போது, எங்கே தொட்டாலும் ஒரு வரி அவனுடைய லேப்டாப்பில் பதிவாகும்.

---

முதல் வரி மூன்றாம் நாள் வந்தது. பகல் ஒரு மணி.

இருபத்தொன்று, தீனி.

இருபத்திரண்டு, தீனி.

ஒன்பது வரிகள். அவன் பின்னறையிலிருந்து எழுந்து வந்தான். பேச்சியம்மாள் தூக்குவாளியைத் திறந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். அலமாரியிலிருந்து குஞ்சுகளின் சத்தம் வந்தது. மட்டமான ஸ்பீக்கர். கீச், கீச்.

"அக்கா, போனைத் தொட்டீகளா?"

"நான் எதுக்குத் தம்பி தொடுறேன்? மூணு வருசமா தொடல."

மலிவான திரைகள் தானாகவே தொட்டதாகக் காட்டும். சார்ஜர் சரியில்லை என்றால் அப்படி நடக்கும். அவன் சிவகாசிக்குப் போய்ப் புது சார்ஜர்கள் வாங்கி வந்தான்.

மறுநாள் காலை பத்தே கால். ஒன்பது வரிகள். பகல் ஒரு மணி. ஒன்பது வரிகள். மாலை ஐந்து. ஒன்பது வரிகள்.

சார்ஜர்களைப் பிடுங்கினான். வரிகள் வந்தன.

தானாகப் படும் தொடுகை திரையெங்கும் சிதறும். இவை பொத்தானின் மேல் சரியாக விழுந்தன. இருபத்தாறாம் போனில் எப்போதும் இடது ஓரமாக. இடது கைக்காரர். இருபத்துநாலில் ஒரு முறை தொட்டால் பதியாது. இரண்டு, மூன்று முறை. வெடிமருந்து அரித்து ரேகை தேய்ந்த விரல்களை இந்தத் திரைகள் உடனே அறிவதில்லை.

ஞாயிற்றுக்கிழமை வீட்டில் உட்கார்ந்து பார்த்தான். ஒரு வரிகூட இல்லை.

திங்கள் காலை பத்தே காலுக்கு மறுபடியும் தொடங்கியது.

"பத்தே காலு, ஒண்ணு, அஞ்சு," என்று அவன் சொன்னான். "அது என்னக்கா நேரம்?"

பேச்சியம்மாள் எழுந்தாள். நாற்காலியை அலமாரிக்கு முதுகு காட்டித் திருப்பிப் போட்டாள்.

"டீ, சோறு, வேலை முடிஞ்சு மணி அடிக்கிறது," என்றாள். "அப்பத்தான் இங்கன வந்து போனை வாங்குவாக. வீட்டுக்கு ஒரு வார்த்தை பேசுவாக. வேற என்ன பேச்சு. பிள்ள சாப்பிட்டுச்சாம்பாக."

---

அவன் குஞ்சுக்குப் பெயர் வைக்கும் இடத்தை ஒன்பது போன்களிலும் காலியாக விட்டிருந்தான்.

செவ்வாய்க்கிழமை பகல் ஒன்றே காலுக்கு இருபத்துநாலில் எழுத்துகள் விழத் தொடங்கின. பதிவில் ஒவ்வொன்றாக வந்தது.

ஆ.

ர. அழித்தது. ர். இரண்டு நிமிடம் ஒன்றும் இல்லை.

த். தி.

மெதுவாக எழுதும் கை. பழக்கமில்லாத கை.

அவன் முன்னறைக்கு வந்தான். கட்டத்துக்குள் திரை எரிந்துகொண்டிருந்தது. ரோஸ் குஞ்சுக்கு மேல் பெயர். ஆர்த்தி.

திரையில் ஒரு தடம் இருந்தது. சாம்பலும் வெள்ளியும் கலந்த நிறம். துடைத்தால் விரலில் மினுங்கியது. முகர்ந்து பார்த்தான்.

மருந்து.

"அக்கா, ஆர்த்தின்னா யாரு?"

பேச்சியம்மாள் எழுந்து வந்து பார்த்தாள். வாயில் சேலைத் தலைப்பை வைத்துக்கொண்டாள். பிறகு பேசத் தொடங்கினாள். குரல் உயரவே இல்லை.

"ராமுத்தாய் மக. அவ டோக்கன் இருபத்துநாலு. தம்பி, இங்க லைசென்சு இருபது பேருக்கு. அன்னைக்கு உள்ள இருந்தது இருபத்தொன்பது. சீசன் லோடு. கூடுதலா வந்த ஒன்பது பேரையும் கடேசி ரூம்ல மொத்தமா உக்கார வச்சாக. அந்த ரூமுதான் வெடிச்சுப் போச்சு."

"எப்ப?"

"பதினொன்னே முக்கா. நான் வெளிய ஓடுனேன். புகை. திரும்பி வந்தா இதெல்லாம் அடிக்குது." அலமாரியைக் காட்டினாள். "ஒண்ணு நிக்கும். இன்னொண்ணு அடிக்கும். சாயங்காலம் வரைக்கும். அடுத்தவுக போனைத் தொடக் கூடாது. தொடல."

"அப்புறம் ஏன் குடுக்கல?"

"அந்த ஒன்பது பேரும் அன்னைக்கு வேலைக்கே வரலன்னு கணக்குல எளுதிட்டாக. போனைக் குடுத்தா வந்தாகன்னு ஆயிரும். டோக்கன் இல்லாம குடுக்காதன்னு பெரிய முதலாளி சொன்னாரு. டோக்கன இடுப்புல சொருகியிருப்பாக. அதோட போச்சு."

"வந்து கேட்டாகளா?"

"ராமுத்தாய் வீட்டுக்காரர் பிள்ளையத் தூக்கிக்கிட்டு ஏளு நாள் வந்தாரு. போன்ல அவ குரல் இருக்கு, பிள்ள கேக்கணும்னாரு. ஏளு நாளும் டோக்கன் கேட்டேன்."

நவ்ஷாத் அலமாரியைப் பார்த்தான். அந்தக் குரலை அழித்தவன் அவன்தான். போன வாரம், நின்றுகொண்டே, ஒன்பதையும்.

மாலைக்குள் மற்ற எட்டு குஞ்சுகளுக்கும் பெயர் வந்துவிட்டது. பேச்சியம்மாளுக்கு எல்லாப் பெயரும் தெரிந்திருந்தது. எல்லாம் ஊரில் இருக்கும், அந்த ஆட்களின் பிள்ளைகள்.

---

"குடுத்துரு மாப்ள," என்றான் நவ்ஷாத். சிவகாசியில், அச்சகத்து வாசலில். உள்ளே காலண்டர் அச்சு ஓடிக்கொண்டிருந்தது. "ஒன்பது போன். பழைய போன்."

"குடுத்தா?"

"குடுத்தா அவ்வளவுதான்."

"எங்கப்பா கட்டில்ல கெடக்காரு. ஜெயில்ல கெடக்கணுமா?" ராம்குமார் சிரித்தான். சிரிப்பு சரியாக வரவில்லை. "ஏலே, நீ கேம் பண்ண வந்தியா, கேஸ் நடத்த வந்தியா? பெங்களூர்க்காரன் வெள்ளிக்கிழமை கேக்கான். என்ன பாக்கி?"

"ஒரு பொத்தான்."

"அதைப் போட்டு முடி. பிறகு பேசுவம்."

கடைசிப் பொத்தான் நசிமா கேட்டது. குஞ்சு திரையின் மூலையில் போய் நின்றுகொண்டால் அவளுக்குப் பிடிக்காது. "வா, வா," என்பாள். ஆகவே 'வா' என்று ஒரு பொத்தான். விரலை அதன் மேல் வைத்து அழுத்திக்கொண்டே இருந்தால் குஞ்சு எங்கிருந்தாலும் ஓடி வரும். விரலை எடுக்கும்வரை விரலடியிலேயே நிற்கும்.

புதன்கிழமை அதை எழுதி முடித்தான். ஒன்பது போன்களிலிருந்தும் விளையாட்டை நீக்கிவிடலாம் என்றுதான் முன்னறைக்குப் போனான். இருபத்துநாலின் முன் நின்றான். திரையைத் தொட்டான்.

குஞ்சு அவன் விரல் பக்கம் திரும்பவில்லை. இரண்டு அங்குலம் தள்ளி, ஒன்றும் இல்லாத இடத்தைப் பார்த்துத் தலையைச் சாய்த்தது. அங்கே இன்னொரு விரல் இருப்பதாகப் பதிவு சொன்னது.

அவன் கையை எடுத்துக்கொண்டான். அழிக்க மனம் வரவில்லை. இறந்துபோன ஒன்பது பேரும் தங்கள் பிள்ளைகளுக்குச் சோறு போட இது ஒன்றுதான் இருக்கிறது என்று நினைத்தான். இருந்துவிட்டுப் போகட்டும் என்று நினைத்தான்.

ஐந்து மணிக்கு 'வா' பொத்தானைப் பத்து போன்களுக்கும் அனுப்பினான். வெள்ளிக்கிழமைக்குள் சோதித்தாக வேண்டும்.

---

வியாழன் காலை பத்தே கால். தீனி இல்லை. தண்ணீர் இல்லை.

இருபத்தொன்று, வா. நாற்பது விநாடி.

இருபத்திரண்டு, வா.

இருபத்துநாலு, வா. ஐந்து நிமிடம். விரல் எடுக்கப்படவில்லை. பத்து நிமிடம். அரை மணி.

முன்னறையில் குஞ்சுகள் கீச்சிட்டன. நிறுத்தவில்லை.

பதினொன்றே முக்காலுக்குச் சத்தம் நின்றது.

நவ்ஷாத் எழுந்து வந்தான். வெயில் வாசல்படி வரை வந்திருந்தது. பேச்சியம்மாள் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். வாசலில் ஒரு சிறுமி நின்றாள். எட்டு வயது இருக்கும். பள்ளிச் சீருடை. ஒரு காலில்தான் செருப்பு. முழங்கால்வரை கரி.

அவள் வெளியிலிருந்து வரவில்லை. கேட்டுக்கு உள்பக்கமிருந்து வந்திருந்தாள்.

"அம்மா போனைக் குடுங்க," என்றாள்.

கையை நீட்டினாள். உள்ளங்கையில் ஒரு தகர வில்லை. கறுத்து, ஓரம் வளைந்து உருகியிருந்தது. நம்பர் தெரிந்தது.

இருபத்துநாலு.

பேச்சியம்மாள் கை தானாக நீண்டது. பதினெட்டு வருடம் பழகிய கை. டோக்கனை வாங்கினாள். நம்பரைப் பார்த்தாள். திரும்பி, இருபத்துநாலாம் கட்டத்திலிருந்து போனை எடுத்துச் சிறுமியின் கையில் வைத்தாள். டோக்கனை ஆணியில் மாட்டினாள்.

மாட்டிய பிறகுதான் அவள் முகம் மாறியது.

"ஆர்த்தி, டோக்கன் யாரு குடுத்தா?" என்றான் நவ்ஷாத்.

"அம்மா காட்டுனாக. மண்ணுக்குள்ள இருந்துச்சு."

"அம்மா எங்க?"

அவள் போனைப் பார்த்தாள். திரையில் குஞ்சு ஒரு விரலடியில் நிற்பதுபோல அசையாமல் நின்றது. அவளுடைய விரல் திரையில் இல்லை.

"இந்தா கூப்புடுறாக," என்றாள்.

திரும்பி நடந்தாள். கேட்டைப் பார்த்து அல்ல. உள்ளே.

ஓடினார்கள். நவ்ஷாத் முன்னால், பேச்சியம்மாள் பின்னால். வெள்ளையடித்த அறைகள் ஒன்றன்பின் ஒன்றாக. கதவில்லாத வாசல்கள். உள்ளே இருட்டு. ஒவ்வொரு வாசலைக் கடக்கும்போதும் அதே வாடை. கடைசி அறைக்குக் கூரை இல்லை. சுவர் இடுப்பளவு. பின்னால் ஒரு குழி. சீசனில் கழிவு மருந்தைக் கொட்டி மண்ணைப் போட்டு மூடிய குழி.

ஒரு சிட்டிகைகூட இல்லை என்று ராம்குமார் சொல்லியிருந்தான்.

சிறுமி குழியில் மண்டியிட்டிருந்தாள். கையால் மண்ணைத் தள்ளிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போன்.

"ஆர்த்தி, வேண்டாம். எந்திரிச்சு வா."

அவள் நிமிர்ந்து பார்த்தாள். அவனை அல்ல. அவனுக்குப் பக்கத்தில், இரண்டு அடி தள்ளி.

சிரித்தாள்.

பெரிய சத்தம் இல்லை. ஒரு சரவெடியில் ஒற்றை வெடி அளவுதான்.

---

பேச்சியம்மாள் பிள்ளையை மடியில் போட்டுக்கொண்டாள். லோடு ஆட்டோ ஒன்று கிடைத்தது. திருத்தங்கல் தாண்டும்வரை மூச்சு இருந்தது.

ஆஸ்பத்திரி வராந்தாவில் தகப்பன் வந்து நின்றார். யாரையும் திட்டவில்லை. "அவ செருப்பு ஒண்ணக் காணோம்," என்றார். அதையே திரும்பத் திரும்பச் சொன்னார்.

மறுநாள் பேப்பரில் நான்கு வரி. விளையாடப் போன இடத்தில் குழந்தை பலி.

நவ்ஷாத் வெள்ளிக்கிழமை முழுவதும் படுத்துக் கிடந்தான். மனைவி ஷிபானா அழுக்குத் துணிகளைத் திரட்டினாள். சட்டையை ஊறவைக்க எடுத்தவள் பைகளைத் துழாவினாள்.

"உங்க போன் எங்கங்க?"

அவன் எழுந்து உட்கார்ந்தான்.

போன் முப்பதாம் கட்டத்தில் இருந்தது. டோக்கன் சட்டைப் பையில் இருந்தது. குழியருகே குனியும்வரை இருந்தது. இப்போது பை காலி.

ஷிபானாவின் போனிலிருந்து ராம்குமாரைக் கூப்பிட்டான்.

"அந்தப் பக்கமே போகாத மாப்ள. போலீசு நிக்கி. லைனை நேத்தே புடுங்கியாச்சு. கரண்டு, நெட்டு எல்லாம்."

"என் போன் அங்கன இருக்கு."

"வேற வாங்கித் தாரேன். போதுமா?" வைத்துவிட்டான்.

பேச்சியம்மாளைக் கூப்பிட்டான். நீண்ட நேரம் அடித்து எடுத்தாள்.

"அக்கா, என் போன்."

"பூட்டிச் சாவியக் குடுத்துட்டேன் தம்பி. இனிப் போக மாட்டேன்."

"என் போனை எடுத்தீகளா?"

"எடுத்துத் தரலாம்னுதான் கையை நீட்டுனேன்." அவள் மூச்சு கேட்டது. "டோக்கன் கேட்டாக."

"யாரு?"

அழைப்பு துண்டிக்கப்பட்டது. மறுபடி அடித்தான். அணைத்து வைக்கப்பட்டிருந்தது.

---

சனிக்கிழமை. பள்ளி விடுமுறை. ஷிபானா சமையலறையில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். தெருவில் வெயில். நசிமா தரையில் குப்புறப் படுத்துப் படம் வரைந்துகொண்டிருந்தாள்.

நவ்ஷாத் வாசல் கதவைப் பூட்டினான். சாவியை இடுப்பில் சொருகிக்கொண்டான். பிறகு லேப்டாப்பைத் திறந்தான். விளையாட்டை முழுவதும் அழித்துவிடத்தான் திறந்தான். எழுதிய எல்லாவற்றையும் அழித்தான். அழித்ததையும் அழித்தான். பெங்களூருக்கு இரண்டு வரியில் கடிதம் அனுப்பினான். செய்ய முடியவில்லை. மன்னிக்கவும். இனி சென்னைதான். பரவாயில்லை.

மணி பத்தே கால் ஆனது.

பதிவு தானாகத் திறந்தது. அங்கே கரண்டு இல்லை. நெட் இல்லை. இங்கே விளையாட்டே இல்லை.

இருபத்தொன்று, வா.

இருபத்திரண்டு, வா.

இருபத்துமூன்று, வா.

எட்டு வரிகள். இருபத்துநாலு இல்லை. ராமுத்தாய்க்கு இனி யாரையும் கூப்பிட வேண்டியதில்லை.

அவன் காத்திருந்தான். ஒரு நிமிடம் ஆனது. மூச்சை விட்டான்.

முப்பது, வா. அந்தக் குஞ்சின் பெயர் நசிமா.

எழுந்து லேப்டாப்பை மூடினான். மூடிய பிறகும் அதன் விளிம்பில் வெளிச்சம் இருந்தது. வீட்டில் வாடை வந்தது. வெங்காய வாடைக்கு அடியிலிருந்து.

மருந்து.

"ஷிபானா."

"என்னங்க?"

"பிள்ளையப் பிடிச்சுக்கோ."

"இங்கதான இருக்கா. ஏன்?"

நசிமா பென்சிலைக் கீழே வைத்திருந்தாள். எழுந்து நின்றிருந்தாள். பூட்டிய கதவைப் பார்த்தாள். பிறகு அவனைப் பார்த்தாள். அவனை அல்ல. அவனுக்குப் பக்கத்தில், இரண்டு அடி தள்ளி.

அவன் மண்டியிட்டு அவளை இறுக்கிக்கொண்டான். அவள் திமிறவில்லை. அவன் தோளுக்கு மேல் தலையைச் சாய்த்தாள். எதையோ கேட்பதுபோல.

"எங்கேயும் போக வேண்டாம்மா. அத்தா இங்கதான் இருக்கேன்."

"தெரியும்," என்றாள் நசிமா.

அவள் உள்ளங்கை அவன் கழுத்தில் பட்டது. விரல்களுக்கு நடுவே சில்லென்று ஏதோ இருந்தது. தட்டையாக, வட்டமாக. அவன் திரும்பிப் பார்க்கவில்லை. கையால் தடவினான். நம்பர் விரலுக்குத் தெரிந்தது. முப்பது.

"இதை எங்க எடுத்த?"

"குடுத்துட்டுப் போனாக."

பூட்டிய கதவுக்கு வெளியே, வெயிலில், ஒரு குஞ்சு கீச்சிட்டது.

நசிமா அவன் காதோரம் குனிந்தாள்.

"அத்தா, என் செருப்பு எங்க?"